பையை வாங்கிக்கொண்ட கை

அன்று காலை மணி எட்டு பதினேழு. ஆகஸ்டு மாதத்தின் கடைசிச் செவ்வாய்க்கிழமை. இரவெல்லாம் பெய்த மழை விட்டிருந்தது, வெயில் இன்னும் வரவில்லை. இட்லிப் பானையின் மூடியைத் திறந்தாற்போல ஊர் முழுதும் புழுக்கம். டவுட்டன் நிறுத்தத்தில் இதே பேருந்தில் ஏறினேன்.

இல்லையம்மா, வேண்டாம். பை என்னிடமே இருக்கட்டும். கனமில்லை. நீங்கள் கையை நீட்டிக் கேட்டதும் அந்த மணியும் அந்தப் புழுக்கமும் தாமாக வாயில் வந்துவிட்டன. தவறாக நினைக்காதீர்கள். நிற்பவரின் பையை உட்கார்ந்திருப்பவர் வாங்கி மடியில் வைத்துக்கொள்வது இந்த ஊரில் ஒரு நல்ல வழக்கம். நான் அதற்கு எதிரியில்லை. ஏழு ஆண்டுகள் அப்படித்தான் போய்வந்தேன். நீங்கள் உட்கார்ந்திருக்கிறீர்களே, இதே இடம்: இடப்பக்கம், நான்காவது வரிசை, நடைவழியோரம். இந்தக் கம்பியைப் பிடித்துக்கொண்டு நான் நிற்பேன். என் பை அந்த அம்மாளின் மடியில் இருக்கும்.

நான்கு வாரமாக அவரைத் தேடுகிறேன். இந்த மாதம் முடிவதற்குள் கண்டுபிடித்தாக வேண்டும். இன்றைக்குத் தேதி இருபத்தாறு.

வண்டி எழும்பூரைத் தாண்ட அரை மணி ஆகும் போலிருக்கிறது; முன்னால் பள்ளம் தோண்டி வைத்திருக்கிறார்கள். சொல்லட்டுமா? யாரிடமாவது சொல்லியாக வேண்டும். தெரிந்தவர்களிடம் சொல்ல முடியாது.

என் பெயர் எதற்கு, வேலையைச் சொல்கிறேன். கருவூலத்தில் ஓய்வூதியப் பிரிவு. நேர்காணல் என்று கேள்விப்பட்டிருப்பீர்கள். ஓய்வூதியம் வாங்குகிறவர்கள் உயிரோடு இருக்கிறார்களா என்று ஆண்டுக்கு ஒரு முறை நேரில் பார்த்து உறுதி செய்வது. கோப்பில் உள்ள படத்தைப் பார்ப்பேன், எதிரே உள்ள முகத்தைப் பார்ப்பேன், கையெழுத்திடுவேன். நாளொன்றுக்கு நூற்றிருபது முகம். படத்தில் சுருள்முடியோடு இருந்தவர் வழுக்கையோடு வந்தாலும் கண்டுபிடித்துவிடுவேன். இருபத்தாறு ஆண்டில் என் கையெழுத்தில் ஓர் ஆள் மாறியதில்லை. பெருமைக்காகச் சொல்லவில்லை. நான் கவனமில்லாதவள் என்று நீங்கள் எண்ணிவிடக் கூடாது, அதற்காகச் சொல்கிறேன்.

அந்த அம்மாள் அயனாவரத்தில் ஏறுவார் என்பது என் ஊகம். வண்டி அங்கிருந்துதான் புறப்படுகிறது, இல்லாவிட்டால் தினமும் அதே இடம் கிடைக்காது. எங்கே இறங்குவார், தெரியாது. நான் நந்தனத்தில் இறங்கும்போது அவர் உட்கார்ந்துதான் இருப்பார். என்ன வேலை, தெரியாது. என்ன பெயர், தெரியாது. கேட்டதில்லை. ஒருவர் மடியில் நம் பையை வைத்துவிட்டு, ஊர் என்ன, பேர் என்ன, பிள்ளைகள் எத்தனை என்று விசாரிப்பது நாகரிகமில்லை. அவரும் கேட்டதில்லை. நான் ஏறுவேன், அவர் கையை நீட்டுவார், பை போகும். இறங்கும் முன்னால் நான் கையை நீட்டுவேன், பை வரும். ஏழு ஆண்டில் ஒரு நாள் பிசகியதில்லை. இவ்வளவு ஒழுங்கான பழக்கம் இந்த ஊரில் எனக்கு வேறு யாரோடும் இருந்ததில்லை.

மழை நாளில் ஒரு துவாலையை மடியில் விரித்து, அதன்மேல் என் பையை வைத்துக்கொள்வார். புடவை நனையாமல் இருக்க வேண்டுமே. ஒன்று சொல்ல வேண்டும், இறங்கும்போது பையைத் தொட்டால் ஈரமே இருக்காது. நல்ல துணி, சீக்கிரம் காய்ந்துவிடும்.

என்னிடம் இரண்டு பைகள் உண்டு. தோள்பையில் கைபேசி, பணம், அடையாள அட்டை. அது தோளைவிட்டு இறங்காது. நான் கொடுப்பது சாப்பாட்டுப் பை மட்டும். காவி நிறத் துணி, உள்ளே எவர்சில்வர் டப்பா, தண்ணீர்ப் புட்டி. அந்தச் செவ்வாய்க்கிழமை அதற்குள் இன்னொன்றும் இருந்தது.

என் தங்கை குமுதாவைப் பற்றிச் சொல்ல வேண்டும். வீட்டில் நானும் அவளும்தான். ஜூலையில் அவளுக்கு மார்பில் ஒரு கட்டி. ஊசியைச் செலுத்தி, அரிசி முனையளவு சதையை எடுத்துச் சோதித்தார்கள். புற்றுநோய்தான். எந்த மருந்து அதற்குக் கேட்கும் என்று அறிய இன்னொரு சோதனை. அதை நந்தனத்தில் ஓர் ஆய்வுக்கூடத்தில் செய்வார்கள். எடுத்த சதையை மெழுகில் பதித்து வில்லைபோல வைத்திருப்பார்கள் அம்மா. அதை ஓரிடத்தில் வாங்கி இன்னோரிடத்தில் சேர்ப்பது நோயாளி வீட்டாரின் பொறுப்பு. திங்கட்கிழமை மாலை கையெழுத்திட்டு வாங்கினேன். கட்டைவிரல் அகலம். உறையின்மேல் பெயர்கூட இல்லை, ஓர் எண் மட்டும்.

"இது ஒண்ணுதாம்மா இருக்கு. தொலைஞ்சா மறுபடியும் ஊசிதான்" என்றார் கொடுத்தவர்.

மறுபடியும் ஊசி என்றால் குமுதா வரமாட்டாள். முதல் முறையே மேசையைவிட்டு எழுந்து ஓடியவள். "அக்கா, இதோட சரி. இன்னொரு தடவ குத்தணும்னா என்னை விட்டுடு. நான் இப்படியே போயிடுறேன்" என்று என்னிடம் சத்தியம் வாங்கியிருந்தாள். ஆகவே அந்த வில்லைதான் அவள் உயிர் என்றால் மிகையில்லை. தோள்பையில் வைத்தால் புழுக்கத்துக்கு மெழுகு இளகிவிடுமோ என்று பயந்தேன். தண்ணீர்ப் புட்டியை ஒட்டினாற்போல் சாப்பாட்டுப் பையில் வைத்தால் குளிர்ச்சியாக இருக்கும் அல்லவா? நன்றாக யோசித்துத்தான் வைத்தேன்.

ஜெமினி பாலத்தருகே கைபேசி அடித்தது.

"அக்கா, எங்க இருக்க?"

"பஸ்லதான். இன்னும் பத்து நிமிஷத்துல இறங்கிடுவேன்."

"அதக் குடுக்காத. தூக்கிப் போட்டுடு."

"என்ன பேசற குமுதா?"

"எந்த வகைன்னு தெரிஞ்சு என்ன ஆகப்போவுது? அம்மாவுக்கும்தான் தெரிஞ்சுது. என்ன ஆச்சு?"

"பஸ்ல எல்லாரும் கேக்கறாங்கடி."

"கேக்கட்டுமே. யாருக்கு உன்னைத் தெரியும், யாருக்கு என்னைத் தெரியும்?"

பதில் சொல்லிக்கொண்டே வந்தேன். கெஞ்சினேன், அதட்டினேன், என் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. நந்தனம் வந்தது, கைபேசியைக் காதில் அழுத்திக்கொண்டு இறங்கினேன். பின்னால் யாரோ "மேடம்! மேடம்!" என்று கத்தினார்கள். இந்த ஊரில் மேடம் என்றால் யார்? எல்லோரும்தான். வண்டியின் தகரத்தைப் படபடவென்று தட்டுகிற சத்தமும் கேட்டது. நான் திரும்பவில்லை. வண்டி போய்விட்டது.

ஆய்வுக்கூடத்தில் வரிசையில் நின்றேன். என் முறை வந்தது. கண்ணாடிக்கு உள்ளிருந்த பெண் "குடுங்க" என்று கையை நீட்டினாள். அந்தக் கை நீண்டதைப் பார்த்தபோதுதான் அம்மா, என் வலக்கை வெறுமையாக இருப்பது எனக்குத் தெரிந்தது.

ஆட்டோ பிடித்துச் சைதாப்பேட்டைக்கு ஓடினேன். வண்டி அங்கேதான் முடிகிறது. அது வந்து, திரும்பியும் போயிருந்தது. பையும் இல்லை, அவரும் இல்லை. டைம் கீப்பர் அறையில் ஒரு பெரியவர் பதிவேட்டைப் பிரித்தார்.

"ஆளு எப்படி இருப்பாங்க? கறுப்பா, செவப்பா?"

யோசித்தேன். "மாநிறம். கை மாநிறம்."

"கையா? வயசு?"

"ஐம்பது இருக்கும்."

"கைக்கா?"

அருகே டீ குடித்துக்கொண்டிருந்த நடத்துனர் சிரித்துவிட்டார். "விடுண்ணே, வளையல் சைஸ் கேட்டு எழுதிக்க."

"சும்மா இருய்யா. மூக்குத்தி போடுவாங்களா மேடம்? கண்ணாடி? பொட்டு வெப்பாங்களா?"

நான் அறிந்ததைச் சொன்னேன். நேர் வகிட்டில் நரை. இடது மணிக்கட்டில் அகலமான தீக்காயத் தழும்பு. இடது கட்டைவிரலில் பாதி நகம். பச்சைக் கட்டம் போட்ட துவாலை. மேலேயிருந்து பார்த்தால் இவ்வளவுதான் தெரியும் அம்மா. நான் நிற்பவள், அவர் உட்கார்ந்திருப்பவர்.

"ஏழு வருஷம்னு சொன்னீங்க" என்றார் பெரியவர், எழுதுவதை நிறுத்திவிட்டு. "ஏழு வருஷமா மூஞ்சியப் பாக்கவே இல்லியா நீங்க?"

அவருக்கென்ன, கேட்டுவிட்டார். அந்த அம்மாளிடம் போய் யாராவது இப்படிக் கேட்பார்களா? பையை வைத்திருந்தது அவர். கூப்பிட்டிருக்க வேண்டாமா? நிறுத்தியிருக்க வேண்டாமா? மாலைவரை அதே நிலையத்தில் நின்று, வருகிற போகிற பெண்களின் இடது கைகளைப் பார்த்தேன். ஒருவரின் வளையலுக்குக் கீழே தழும்புபோலத் தெரிந்தது, பிடித்துவிட்டேன். மஞ்சள் கறை.

"இன்னாம்மா கையப் புடிச்சு இழுக்குற? ஜோசியம் பாக்கப் போறியா?" என்று உதறிவிட்டுப் போனார். நாலு பேர் திரும்பிப் பார்த்தார்கள். எனக்கு அவமானமாக இருந்தது. அதுவரை என் மனத்தில் 'அவர்' என்றிருந்தவர் அந்த நேரத்தில் 'அவள்' ஆகிவிட்டார். மனிதத்தன்மையே இல்லாத ஊர் இது என்று வாய்விட்டே சொன்னேன்.

உங்கள் கையில் மருதாணி நன்றாகச் சிவந்திருக்கிறது. தழும்பு இல்லை. ஏறியதும் அதைத்தான் பார்த்தேன்.

என் அலுவலகத்துக்கு அருகிலேயே காவல் நிலையம்; அன்று மாலை அங்கே போனேன். ஓர் இளம் பெண் காவலர் இருந்தாள்.

"என்னன்னு எழுதறது மேடம்? மறந்து விட்டுட்டீங்களா, எடுத்துட்டுப் போய்ட்டாங்களா?"

"மறதின்னு எழுதினா தேடுவீங்களா?"

சிரித்தாள். "மறதிய எங்க போய்த் தேடறது?"

அதனால்தான் அப்படி எழுதினேன். 'அடையாளம் தெரியாத பெண் ஒருவர் என் நம்பிக்கையைப் பெற்று, என் பையை எடுத்துச் சென்றுவிட்டார்.' ஒவ்வொரு சொல்லும் சரியானது. அடையாளம் தெரியாது, நம்பினேன், பை அவரிடம் இருந்தது. பையின் நிறம், டப்பா, உறையின் எண், எல்லாவற்றையும் வரிசையாகக் குறித்தேன். இவ்வளவு தெளிவான மனுவை அந்தப் பெண் பார்த்ததே இல்லையாம்.

வீட்டுக்கு வந்து குமுதாவிடம் சொன்னேன். சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள்.

மறுநாள் புதன்கிழமை. காலையிலிருந்தே நல்ல மழை. அன்று காலை யார் யார் என்ன செய்தோம் என்பதைப் பிறகு ஒவ்வொருவரிடமும் கேட்டுக் கோத்து வைத்திருக்கிறேன். வரிசையாகச் சொல்கிறேன்.

குமுதா ஐந்து மணிக்கு எழுந்து குளித்தாள். நான் வாசலில் செருப்பை மாட்டும்போது ஈரத்தலையோடு வந்து நின்றாள். "அக்கா, நேத்து நான் ஃபோன் பண்ணாம இருந்திருந்தா நீ விட்டிருக்க மாட்ட. இன்னொரு தடவ குத்தட்டும். நான் வரேன். நீ இப்படி அலையாத." அந்தச் சொல்லோடு நான் வீட்டிலேயே இருந்திருக்கலாம். ஆனால் செருப்பை மாட்டிவிட்டேன்.

கைக்கு வயது கேட்ட பெரியவர் ஆறு மணியிலிருந்து, புறப்படுகிற ஒவ்வொரு நடத்துனரிடமும் "தழும்புக் கை, பச்சைத் துவாலை, பாத்தா சொல்லுங்கப்பா" என்று சொல்லி அனுப்பியிருக்கிறார். யாரும் அவரை அப்படிச் செய்யச் சொல்லவில்லை.

நான் ஏழரை மணிக்கெல்லாம் அயனாவரம் நிலையத்தில் குடையோடு நின்றேன். அலுவலகத்துக்கு அரைநாள் விடுப்பு. எட்டு மணி வண்டி வந்தது, பெண்கள் ஏறினார்கள், ஒவ்வொரு கையாகப் பார்த்தேன். அவர் வரவில்லை. அந்த நான்காவது வரிசை இடம் காலியாகவே புறப்பட்டது. குற்றமுள்ள நெஞ்சு, எப்படி வரும் என்று நினைத்துக்கொண்டேன்.

அவர் ஏழு மணி வண்டியிலேயே போயிருந்தார். எங்கே என்கிறீர்களா? என் அலுவலகத்துக்கு.

எங்கள் அலுவலக உதவியாளர் பன்னீர் சொல்லித்தான் எனக்குத் தெரியும். எட்டு மணிக்கு, கதவைத் திறக்கும்போதே, ஓய்வூதியர்கள் உட்காரும் பெஞ்சில் பையை மடியில் வைத்துக்கொண்டு இருந்தாராம்.

"யார வேணும்மா?"

"ரெண்டாவது மேசை மேடம். பையை பஸ்லயே விட்டுட்டாங்க. நேத்து எவ்ளோ கத்தினேன், பஸ்ஸத் தட்டினேன், காதுல விழல. அழுதுகிட்டே போனாங்க பாவம்."

"வச்சுட்டுப் போங்க, நான் குடுத்துடறேன்."

"இல்ல தம்பி. அவங்க கையில வாங்கினது. அவங்க கையிலதான் குடுக்கணும். உள்ள ஆஸ்பத்திரி சாமான் வேற இருக்கு. கெட்டுடுமோன்னு ராத்திரி பக்கத்து வீட்டு ஃப்ரிட்ஜுல கேட்டு வச்சேன்."

ரெண்டாவது மேசை மேடம் என்று அவருக்கு எப்படித் தெரியும்? ஜூலையில் நேர்காணலுக்கு வந்திருக்கிறார். கணவருடைய குடும்ப ஓய்வூதியம். என் மேசைக்கு முன்னால் நின்று என்னைப் பார்த்துச் சிரித்திருக்கிறார். நான் படத்தைப் பார்த்தேனாம், முகத்தைப் பார்த்தேனாம், "அடையாளம் தெரியல. புதுப் படம் எடுத்துட்டு வாங்க" என்றேனாம். அப்புறமும் சிரித்தபடியே நின்றாராம். நான் அடுத்த எண்ணைக் கூப்பிட்டேனாம். எனக்கு நினைவில்லை. நூற்றிருபது முகம் அம்மா.

அந்தப் புதுப் படம் இன்னும் வரவில்லை. முப்பதாம் தேதிக்குள் அவர் நேரில் வராவிட்டால் ஓய்வூதியம் நின்றுவிடும். நிறுத்தும் தாளில் கையெழுத்திட வேண்டியவள் நான். கோப்பில் உள்ள முகவரிக்குப் போனேன். காலி செய்து மூன்று ஆண்டு ஆகிறதாம், எங்கே போனார் என்று மாடியில் இருப்பவருக்குத் தெரியவில்லை. ஒரே கிணற்றில் தண்ணீர் எடுத்திருக்கிறார்கள், பெயர்கூடத் தெரியவில்லை. எப்படிப்பட்ட மனிதர்கள் பாருங்கள். கோப்பில் உள்ள தொலைபேசி எண் இறந்துபோன கணவருடையது. கோப்பிலுள்ள படத்தைத் தினமும் எடுத்துப் பார்க்கிறேன். முப்பது வயதுப் பெண். இப்போது நேரில் வந்தால் எனக்கு அடையாளம் தெரியுமா என்று கேட்காதீர்கள்.

எங்கே விட்டேன்? புதன்கிழமை. ஒன்பதரை மணி. அந்தப் பெண் காவலர் மனுவின் நகலில் என் கையெழுத்து வாங்க அலுவலகத்துக்கு வந்தாள். பெஞ்சில் காவிப் பையைப் பார்த்தாள். தாளைப் பார்த்தாள். சுற்றிலும் அறுபது ஓய்வூதியர்கள்.

"எழுந்திரும்மா. இது யார் பை?"

"மேடத்தோடது."

"உன்கிட்ட எப்படி வந்துச்சு?"

"அவங்கதான் குடுத்தாங்க. தெனமும் குடுப்பாங்க."

"கம்ப்ளெய்ன்ட் இருக்கு உன் மேல. பேர் என்ன?"

"அமலோற்பவம்." பயப்படவில்லையாம். பன்னீர் சொன்னான். "மேடத்துக்கு ஃபோன் போடு பாப்பா. அவங்களுக்கு என்னைத் தெரியும். ஏழு வருஷமாத் தெரியும்" என்றாராம்.

காவலர் என்னைக் கூப்பிட்டாள். நான் அயனாவரத்தில் கூரைக்குக் கீழே நின்றிருந்தேன்.

"மேடம், அமலோற்பவம்னு ஒரு அம்மா. உங்களுக்குத் தெரிஞ்சவங்கன்னு சொல்றாங்க. தெரியுமா?"

நான் அவசரப்படவில்லை. யாரையும் தவறாக அடையாளம் காட்டிவிடக் கூடாது என்பது என் தொழில். உறவினர், அலுவலகம், தெரு, பழைய பள்ளிக்கூடம், எல்லாவற்றையும் மனத்தில் புரட்டிப் பார்த்தேன். அந்தப் பெயரை நான் கேட்டதே இல்லை.

"அப்படி யாரையும் எனக்குத் தெரியாது" என்றேன்.

உண்மையைத்தானே சொன்னேன்? நீங்களே சொல்லுங்கள். கைபேசியை ஸ்பீக்கரில் போட்டிருந்தாள் என்பது எனக்கு எப்படித் தெரியும்?

அவர் என் மேசைக்குப் போய், துவாலையை மடித்து ஓரமாக வைத்து, அதற்குத் தள்ளிப் பையை வைத்து, பையின் காதுகள் இரண்டையும் நேராக நிமிர்த்திவிட்டு, மழையில் இறங்கிப் போய்விட்டாராம். பொருள் கிடைத்துவிட்டதே என்று காவலர் தடுக்கவில்லை. அதற்குப் பிறகு இந்த வண்டியில் அவரை யாரும் பார்க்கவில்லை. எனக்குத் தெரிந்தவரை.

நான் பதினொன்றரைக்கு அலுவலகம் சேர்ந்தேன். முதலில் உறையை எடுத்து எண்ணைச் சரிபார்த்தேன். சரியாக இருந்தது. பொருளைப் பெற்றுக்கொண்டேன் என்று பன்னீர் வைத்திருந்த தாளில் கையெழுத்திட்டேன். பிறகு டப்பாவைத் திறந்தேன். நான் செவ்வாயன்று கொண்டுபோன சாம்பார் சாதம் இல்லை. டப்பாவைத் தேய்த்துக் கழுவியிருந்தார். பாத்திரத்தை வெறுமையாகத் திருப்பித் தரக் கூடாது என்பார்களே, அதற்காக எலுமிச்சம்பழச் சோறு வைத்திருந்தார், ஓரத்தில் இரண்டு துண்டு உருளைக்கிழங்கு. மணம் இன்னும் இருந்தது.

ஆய்வுக்கூடம் மூடுவதற்குள் போக வேண்டும் என்று பையைத் தூக்கினேன். அவ்வளவு மழையில் வந்த பை. அடியில் தொட்டுப் பார்த்தேன், ஓரத்தில் தொட்டுப் பார்த்தேன், காதுகளைத் தொட்டுப் பார்த்தேன். ஈரமே இல்லை. மேசைமேல் கிடந்த துவாலையை எடுத்தேன். பிழிந்தால் ஒரு சொம்பு தண்ணீர் வரும்.